கேமரா இருந்தால் மட்டும் போதாது

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பிளஸ் டூ முடித்த பிள்ளைகள் அடுத்து என்ன படிக்கலாம் என்று உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். சினிமா, தொலைக்காட்சி சார்ந்த வேலைகளை ஒவ்வொன்றாகச் சொல்லி, எங்கே படிக்கலாம், என்ன சம்பளம் கிடைக்கும் என்றெல்லாம் விவரமாக எழுதியிருந்தார்கள். நல்ல கட்டுரை, பலருக்கும் பயன்படும். ஆனால் ஆவணப்படத்துக்கு வந்தபோது மூன்றே வரி. கையில் ஒரு நல்ல செல்போனும் மனதில் சமூக அக்கறையும் இருந்தால் போதும், இன்றைக்கே யார் வேண்டுமானாலும் ஆவணப்பட இயக்குநர் ஆகிவிடலாம் என்று முடித்துவிட்டார்கள். அந்த மூன்று வரியைப் பற்றித்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

கட்டுரை வந்த மறுவாரம் கல்லூரி மாணவர்கள் இரண்டு பேர் என் வீட்டுக்கு வந்தார்கள். முதியோரின் தனிமையைப் பற்றி ஆவணப்படம் எடுத்துப் போட்டிக்கு அனுப்ப வேண்டுமாம். "அக்கா, பத்து நாள் இருக்கு. எங்ககிட்ட நல்ல போன் இருக்கு. யாரைப் பேட்டி எடுக்கலாம்னு மட்டும் சொல்லுங்க" என்றார்கள். நல்ல பிள்ளைகள். அவர்கள் மேல் எனக்கு வருத்தமே இல்லை. பத்து நாளில் முடியும் என்று அவர்களை நம்ப வைத்தவர்கள் பெரியவர்களாகிய நாம்தான்.

நான் காரைக்குடியில் பிறந்து வளர்ந்தவள். அப்பா போட்டோ ஸ்டுடியோ வைத்திருந்தார். 19 வருஷமாக ஆவணப்படம் எடுக்கிறேன். முடித்த படங்கள் 4. என் படங்களில் பின்னணிக் குரல் கிடையாது. யாரையும் நாற்காலியில் உட்கார வைத்துப் பேட்டி எடுப்பதில்லை. இசை சேர்ப்பதில்லை. இன்னொரு தடவை செய்து காட்டுங்கள் என்று யாரிடமும் கேட்பதில்லை. ஓர் இடத்தில் போய் இருப்பேன், நடப்பதைப் பார்ப்பேன், எடுப்பேன். எழுதுகிறவர்கள் இதை அவதானிப்பு ஆவணப்படம் என்கிறார்கள். என் அம்மா "கூடவே இருந்து எடுக்கிற படம்" என்பார். எனக்கு அம்மா வைத்த பெயர்தான் பிடித்திருக்கிறது. அதில் "இருந்து" என்ற சொல் இருக்கிறது.

ஆவணப்படம் என்றாலே நம் ஜனங்களுக்கு ஒரு கனத்த ஆண்குரல்தான் ஞாபகம் வரும். அதற்குக் காரணம் உண்டு. 1948-இல் மத்திய அரசு பிலிம்ஸ் டிவிஷனைத் தொடங்கியது. அது தயாரித்த படங்களைத் திரையரங்குகள் அப்போது கட்டாயம் போட்டாக வேண்டியிருந்தது. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது எங்கள் ஊர்த் தியேட்டரில் பெரிய படத்துக்கு முன்னால் கறுப்பு வெள்ளையில் அணைக்கட்டு வரும், வெள்ளம் வரும், மந்திரி வருவார். எல்லாவற்றுக்கும் மேலாக அந்தக் குரல் பேசிக்கொண்டே இருக்கும். இடுப்பளவு தண்ணீரில் நிற்கிற ஆளின் வாய் அசையும். அவர் என்ன சொன்னார் என்று கேட்காது. அப்போதே அது எனக்கு உறுத்தியது என்று சொன்னால் பொய். இந்தத் தொழிலுக்கு வந்த பிறகுதான் அசைந்த அந்த வாய்கள் ஞாபகத்துக்கு வந்தன.

வெளிநாட்டில் அந்த வாய்க்குக் குரல் கிடைத்தது 1960 வாக்கில். தோளில் வைத்துக்கொள்ளும் 16 மில்லிமீட்டர் கேமராவும், அதோடு ஒத்து ஓடும் நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியும் அப்போதுதான் சேர்ந்தன. ஸ்டாண்டு, விளக்கு, வேன் எதுவும் இல்லாமல் இரண்டு மூன்று பேர் ஒரு சமையலறைக்குள்ளோ ஆஸ்பத்திரி வார்டுக்குள்ளோ போய் நிற்க முடிந்தது. பாஸ்டனில் சட்டம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்த பிரெடரிக் வைஸ்மன் அப்படித்தான் இதற்குள் வந்தார். அவருடைய முதல் படம் 1967-இல் வந்தது, குற்ற வழக்குகளில் சிக்கிய மனநோயாளிகளை அடைத்து வைத்திருந்த ஒரு மருத்துவமனையைப் பற்றியது. பிறகு பள்ளிக்கூடம், நலத்திட்ட அலுவலகம், நூலகம், நகர நிர்வாகம் என்று அரை நூற்றாண்டுக்கு மேல் ஒவ்வோர் இடமாகப் போய் இருந்து எடுத்தார். மைக்கை அவரே பிடிப்பார். படப்பிடிப்பு சில வாரம் நடக்கும், படத்தொகுப்புக்கு மட்டும் ஏறக்குறைய ஒரு வருஷம் ஆகும். 2016-இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள்.

அந்தக் காலத்தில் 400 அடிச் சுருள் ஒன்று 11 நிமிஷத்தில் தீர்ந்துவிடும். இன்று என் கேமராவில் போடுகிற மெமரி கார்டு மணிக்கணக்கில் ஓடுகிறது. விலையும் எவ்வளவோ இறங்கிவிட்டது. உங்கள் கட்டுரையாளர் சொன்னது இந்த அளவுக்குச் சரி, கேமரா மலிந்துவிட்டது. ஆனால் ஒரு வீட்டுக்குள் நாம் இருப்பதை அந்த வீட்டார் மறந்துபோக எத்தனை நாள் ஆகும்? 1967-இல் எத்தனை நாள் ஆனதோ அத்தனை நாள்தான் இன்றைக்கும். செல்போன் வந்து அதில் ஒரு நாளைக்கூடக் குறைக்கவில்லை. கூட்டியிருக்கிறது என்றுகூடச் சொல்வேன். போனைத் தூக்கினாலே சிரித்து நிற்க எல்லாரும் பழகிவிட்டார்கள்.

இதை நான் கற்றுக்கொண்டது ஆத்தங்குடியில் ஒரு தரைக்கல் பட்டறையில். கண்ணாடிப் பலகை மேல் அச்சை வைத்து, சிமெண்டோடு கலந்த வண்ணத்தைக் கரண்டியால் ஒவ்வொரு கட்டத்திலும் ஊற்றுவார்கள். அச்சைத் தூக்கிவிட்டு, மேலே ஈரமில்லாத சிமெண்டும் மணலும் தூவி, கலவை போட்டு மூடுவார்கள். வெயிலில் காய்ந்த பிறகு தண்ணீர்த் தொட்டியில் ஊறப் போடுவார்கள். நான் போன பட்டறையில் எண்ணிக்கைக் கணக்கில் கூலி. முதல் வாரம் நான் கேமராவோடு உள்ளே நுழைந்ததும் அங்கே இருந்த அண்ணன் ஒருவர் நிமிர்ந்து சிரிப்பார், சட்டையை எடுத்து மாட்டிக்கொள்வார். அந்த நேரத்தில் நீலம் வழிந்து மஞ்சள் கட்டத்துக்குள் போய்விடும். அந்தக் கல் கழிவு. சாயங்காலம் கணக்குப் பார்த்தபோது அவருக்கு இரண்டு கல் குறைந்திருந்தது. அவர் கூலியில் நான் கை வைத்திருக்கிறேன் என்று அன்றைக்கு உறைத்தது.

அதற்கப்புறம் மூன்று வாரம் கேமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. உட்கார்ந்திருந்தேன், டீ வாங்கி வந்தேன், கண்ணாடிப் பலகைகளைத் துடைத்துக் கொடுத்தேன். 24-ஆம் நாள் கேமராவை எடுத்தபோது யாரும் நிமிரவில்லை. சிமெண்டு அரித்து வெடித்திருந்த அவர் விரல்களை அன்றைக்குத்தான் பார்த்தேன். அதுவரை கல்லில் இருந்த பூவைத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

எங்கள் பக்கத்தில் ஷூட்டிங் ஒன்றும் புதிதல்ல. 1940-களில் ஏவி.மெய்யப்பச் செட்டியார் தேவகோட்டை ரஸ்தாவில் ஸ்டுடியோ நடத்திய ஊர் இது. இன்றைக்கும் கானாடுகாத்தானிலோ பள்ளத்தூரிலோ ஏதாவது ஒரு பெரிய வீட்டு வாசலில் ஜெனரேட்டர் வேன் நிற்கும். அதனால் நான் ஒற்றை ஆளாக ஒரு பையோடு போய் நின்றால் முதல் கேள்வி "ஹீரோ யாரு?" என்பதுதான். அடுத்த கேள்வி, ஒரு நாளைக்கு வாடகை எவ்வளவு தருவீர்கள் என்பது. இரண்டுக்கும் என்னிடம் பதில் இருக்காது. ஆனால் கோட்டையூரில் பிறந்த ஏ.கே.செட்டியாரும் இந்த மண்ணிலிருந்துதான் போனார். காந்தி உயிரோடு இருந்த காலத்திலேயே, 1940-இல், அவரைப் பற்றிய முழுநீள ஆவணப்படத்தை வெளியிட்டார். பல பேர் பல ஆண்டுகளாக எடுத்து, எங்கெங்கோ கிடந்த படச்சுருள்களைக் கண்டம் கண்டமாகத் தேடிப் போய்ச் சேர்த்தார். அவருடையது தொகுத்த படம், என் வழி வேறு. என்றாலும் மூன்று வருஷத்துக்கு அருகில் அவர் அலைந்த அலைச்சலை நினைத்துக்கொண்டு நான் பல நாள் பஸ் ஏறியிருக்கிறேன்.

இனி நான் படம் எடுத்த ஒரு வீட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஊர் பெயரைச் சொல்ல மாட்டேன் என்று அந்தக் குடும்பத்துக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன்.

பங்காளிகள் 17 பேருக்குப் பாத்தியப்பட்ட வீடு. சிலர் சென்னையில், சிலர் மலேசியாவில். முன்னோருக்குப் படைக்கும் படைப்புக்கும் கல்யாணத்துக்கும் வந்து கூடுவார்கள். பழுது பார்க்க யார் எவ்வளவு கொடுப்பது என்பதில் ஒத்துப்போகாமலே பத்துப் பன்னிரண்டு வருஷம் ஓடி, கடைசியில் விற்பது என்று முடிவானது. பர்மாத் தேக்குத் தூணும் கதவும் நிலையும் தனித்தனியாக விலை போகும். காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழம்பொருள் கடைகளைப் பார்த்தவர்களுக்கு மீதிக் கதை தெரியும். ஒரு வீடு எப்படிப் பிரிக்கப்படுகிறது என்று எடுக்கத்தான் நான் உள்ளே போனேன். எட்டு மாதம் கழித்துத்தான் படம் வீட்டைப் பற்றியது இல்லை என்று எனக்குப் புரிந்தது.

அந்த வீட்டை 31 வருஷமாகத் திறந்து, கூட்டி, விளக்கேற்றி, சாத்தி வைத்தது ஓர் அம்மா. நான் அவரை அத்தை என்று கூப்பிடுவேன். இரண்டாங்கட்டுக்குப் பின்னால் ஓர் அறையில் குடியிருந்தார். கடைசிச் சம்பளம் மாதம் 3,000 ரூபாய். 17 பேரும் கையெழுத்துப் போட்ட பத்திரத்தில் அவருக்கு இடம் இல்லை, இருக்கவும் சட்டப்படி வழியில்லை. குடும்பத்தார் கெட்டவர்கள் இல்லை. போகும்போது ஆளுக்குக் கொஞ்சம் போட்டு ஒரு தொகை கொடுத்தார்கள். ஆனால் 60 வயதுக்கு மேல் அவர் எங்கே போவார் என்று 17 பேரில் ஒருவரும் மற்றவரிடம் கேட்டுக்கொள்ளவில்லை. அப்படி யாரும் கேட்காததை நான் நான்கு வருஷம் உடனிருந்து பார்த்தேன்.

ஓடு இறக்கிய அன்று காலை ஏழு மணிக்கெல்லாம் ஆட்கள் கூரை ஏறிவிட்டார்கள். கீழே அத்தை வழக்கம்போல வளவு முற்றத்தைக் கூட்டிக்கொண்டிருந்தார். மேலேயிருந்து தூசியும் ஓட்டுத் துண்டும் கொட்டுகிறது. கூட்டிய இடத்திலேயே மறுபடி விழுகிறது. மறுபடி கூட்டினார். மேஸ்திரி மேலே இருந்தபடி, "விடுங்கம்மா, எல்லாத்தையும் இடிக்கத்தானே போறோம்" என்றார். "இடிக்கிறது உங்க வேலை" என்று சொல்லிவிட்டு அத்தை முறத்தில் அள்ளினார். அள்ளியதைக் கொண்டுபோய்ப் பின்கட்டில் கொட்டிவிட்டு வந்து, விட்ட இடத்திலிருந்து தொடங்கினார். தூண் கால் ஒவ்வொன்றையும் சுற்றி விளக்குமாற்று நுனியால் தட்டித் தட்டி எடுத்தார். நான் நகரவில்லை. படத்தில் அது 9 நிமிஷம், வெட்டே கிடையாது.

முழுப் படமும் முடிந்த பிறகு ஒரு தொலைக்காட்சி நிறுவனத்துக்குக் கொண்டுபோனேன். அந்த 9 நிமிஷத்தை 20 விநாடியாக்கி, அதன் மேல் நம் பாரம்பரியம் அழிகிறது என்று ஒரு குரலும் வயலினும் போட்டு, 22 நிமிஷப் படமாகக் கொடுத்தால் வாங்கிக்கொள்கிறோம் என்றார்கள். பாரம்பரியம் அழிகிறது என்று அத்தை சொல்லவில்லை. அவர் கூட்டினார். அதன் மேல் இன்னொருவர் குரலைப் போட எனக்கு மனம் வரவில்லை. படத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

இன்னொரு நாள் அவர் சாமான்களை ஒழிக்கும்போது கேமராவோடு வாசலில் நின்றிருந்தேன். "ஏத்தா, அதைக் கீழ வச்சுட்டு இந்தக் கட்டிலைப் பிடி" என்றார். இந்த மாதிரிப் படம் எடுப்பவர் குறுக்கே போகக் கூடாது என்று புத்தகங்களில் படித்திருக்கிறேன். கேமராவைத் தரையில் வைத்துவிட்டுப் பிடித்தேன். 31 வருஷம் கூட இருந்த கட்டிலை ஒரு கிழவி தனியாக இழுப்பதைப் பார்த்துக்கொண்டு நிற்பதற்கு எந்தப் புத்தகமும் எனக்குப் போதாது. கேமரா ஓடிக்கொண்டேதான் இருந்தது. படத்தில் அந்த இடத்தில் தரை மட்டும் தெரியும், எங்கள் இருவர் குரலும் கட்டில்கால் உரசும் சத்தமும் கேட்கும். அதை அப்படியே வைத்திருக்கிறேன்.

இந்தத் தொழிலில் கேமராவை எங்கே வைப்பது என்பதைவிட எதை வைத்துக்கொள்வது, எதை விடுவது என்பதில்தான் என் தூக்கம் போயிருக்கிறது. அத்தையின் மகன் குடிப்பவர். ஒரு மாலை குடித்துவிட்டு வந்து, வீட்டுக்காரர்கள் கொடுத்த பணத்தில் பங்கு கேட்டுச் சண்டை போட்டார். அத்தை அழவில்லை, பணத்தை எடுத்து அவர் முன்னால் எண்ணினார். எல்லாம் பதிவாகியிருக்கிறது. யார் பார்த்தாலும் கலங்கிவிடும் காட்சி. பொதுவில் திரையிடுவதற்கு முன் அத்தை புதிதாகக் குடிபோன அறையில் லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். முழுக்கப் பார்த்துவிட்டு, "அவன் வர்றது மட்டும் வேண்டாத்தா, பேரப்பிள்ளை கல்யாணம் வருது" என்றார். எடுத்துவிட்டேன். முதல் நாளே அவர் ஒப்புதல் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தார், சட்டப்படி நான் அதை வைத்திருக்கலாம். ஆனால் என்ன வரப்போகிறது என்று தெரியாத நாளில் போட்ட கையெழுத்து அது. அந்தக் காட்சியை முன்பே பார்த்திருந்த திரைப்பட விழாத் தேர்வாளர் ஒருவர், படத்தின் உயிரையே வெட்டிவிட்டீர்கள் என்று கோபப்பட்டார். இன்றைக்கும் நான் செய்தது சரி என்றே நினைக்கிறேன்.

வைஸ்மனின் முதல் படத்தையும் இதே கேள்விதான் பிடித்துக்கொண்டது. உள்ளே இருந்தவர்களின் அந்தரங்கம் மீறப்பட்டது என்று சொல்லி மாசசூசெட்ஸ் நீதிமன்றம் பொதுமக்களுக்குக் காட்டத் தடை போட்டது. தடை முழுசாக விலக 1991 ஆனது. நிர்வாகம் தன் லட்சணம் வெளியே தெரியாமல் இருக்கத்தான் அந்தரங்கத்தைக் காரணம் காட்டியது என்பது வைஸ்மனின் பக்கம். அதில் நியாயம் இருக்கிறது. ஆனாலும் அந்த நோயாளிகளிடம் உட்கார்ந்து கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பார்கள் என்று எனக்குள் ஓடிக்கொண்டே இருக்கும். பெரிய நிறுவனத்தைக் காட்டும்போது ஒரு நியாயம், பாவப்பட்ட மனுஷியின் வீட்டுக்குள் போகும்போது வேறு நியாயம். இதையெல்லாம் செல்போன் சொல்லித்தராது.

சம்பளம் என்ன என்று உங்கள் கட்டுரை மற்ற வேலைகளுக்கெல்லாம் எழுதியிருந்தது. இதற்கும் எழுதிவிடலாம். வீட்டைப் பற்றிய படத்துக்கு என் கையிலிருந்து போனது 6 லட்சத்துக்கு மேல். திரையிடல்களில் திரும்பி வந்தது 1 லட்சத்துச் சொச்சம். 140 மணி நேரப் பதிவைப் பார்த்து எழுதி வைக்கவே ஐந்து மாதம் ஆனது. பிழைப்புக்கு நான் கல்யாண வீடியோ எடுக்கிறேன். வைகாசி, ஆவணி, தை மாதங்களில் முகூர்த்தம், ஆடியிலும் மார்கழியிலும் என் படம். கல்யாண வீடியோவை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். திருப்பூட்டுகிற, அதாவது தாலி கட்டுகிற, அந்த ஒரு கணத்துக்கு எங்கே நிற்க வேண்டும், யார் கண் எங்கே போகும் என்று எனக்குக் கற்றுக்கொடுத்தது அதுதான். இதையெல்லாம் தெரிந்துகொண்டு வருகிற பிள்ளை நிலைத்து நிற்கும். இரண்டாம் வருஷம் கையில் காசில்லாமல் இதைத் தெரிந்துகொள்கிற பிள்ளை கேமராவை விற்றுவிட்டுப் போய்விடும். அப்படிப் போன மூன்று பேரை எனக்கே தெரியும், மூவரும் என்னைவிடக் கண் உள்ளவர்கள்.

எனக்கு வழி காட்டியது மதுரை. ஆர்.பி.அமுதன் 1998 முதல் அங்கே ஆவணப்பட விழா நடத்திவருகிறார். மதுரைத் தெரு ஒன்றில் மனித மலத்தை அள்ளும் தூய்மைப் பணியாளர் ஒருவரோடு கூடவே நடந்து 2003-இல் அவர் எடுத்த படத்தைப் பார்த்துவிட்டு ராத்திரி கடைசி பஸ்ஸில் காரைக்குடி திரும்பினேன். கையால் மலம் அள்ள வைப்பதைத் தடுக்கும் சட்டம் 1993-இலேயே வந்துவிட்டது. பத்து வருஷம் கழித்தும் அந்த அம்மா கையில் அதே விளக்குமாறு. சட்டம் வந்ததைப் பேப்பரில் படித்த எனக்கு, அது அந்தத் தெருவுக்கு வரவில்லை என்பதை அந்தப் படம்தான் காட்டியது. அன்று அந்தப் படத்தைப் பார்க்க ஓர் இடம் இல்லாமல் போயிருந்தால் நான் இந்தத் தொழிலுக்கே வந்திருக்க மாட்டேன்.

அதனால் உங்களிடம் கேட்பது இதுதான். வெள்ளிக்கிழமை வெளியாகிற படத்துக்கு ஞாயிறுக்குள் உங்கள் பேப்பரில் விமர்சனம் வந்துவிடுகிறது. மாதத்துக்கு ஒரு முறையாவது ஓர் ஆவணப்படத்துக்கு அதில் அரைப் பத்தி கொடுங்கள். சிவகங்கை, புதுக்கோட்டைப் பக்கத்துக் கல்லூரிகளில் சனிக்கிழமை சாயங்காலம் பூட்டிக் கிடக்கிற அரங்குகளில் ஒன்றைத் திறந்துவிடச் சொல்லி எழுதுங்கள். புரொஜக்டரும் ஸ்பீக்கரும் நான் கொண்டுவருகிறேன். பிள்ளைகளுக்கு வழிகாட்டும் கட்டுரையில் அந்த மூன்று வரியைத் திருத்தி, கேமராவின் விலையோடு காலத்தின் விலையையும் சேர்த்துப் போடுங்கள்.

அந்த இரண்டு மாணவர்களும் போட்டிக்குப் படம் அனுப்பவில்லை. என்னோடு வேலை செய்ய வருகிறார்கள். அடுத்த படம் கல்யாண வீடுகளில் பந்திப் பாத்திரம் கழுவும் பெண்களைப் பற்றியது. முதல் நாள் ராத்திரி வேனில் வந்து இறங்கி, மறுநாள் கடைசிப் பந்தி முடிந்து, அண்டாக்களைக் கவிழ்த்து வைத்துவிட்டு அதே வேனில் போகிறவர்கள். எத்தனையோ கல்யாணத்தில் அவர்களைத் தாண்டித்தான் நான் மணமேடைக்கு ஓடியிருக்கிறேன். தை பிறந்ததும் தொடங்குகிறோம். முதல் மாதம் பையன்கள் கையில் கேமரா கொடுக்கப்போவதில்லை, மைக்கும் நோட்டும் மட்டும்தான். முடிந்தால் உங்கள் நிருபர் ஒருவரையும் அனுப்பி வையுங்கள். ஒரு நாளுக்கு வேண்டாம், ஒரு வாரமாவது தங்குகிற மாதிரி.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி,
காரைக்குடி.